தோல் போர்த்திய கோயில்

கோயில் கூரைக்குத் தளம் போட்ட அன்றைக்கே மலைப் பக்கம் இடி இடித்தது. எனக்குக் கை கால் ஓடவில்லை.

விசுவாசிகளே, எங்கள் கோயில் ஆம்பூருக்குப் பக்கத்தில் பாலாற்றோரம் இருக்கிறது. அதன் கதையை முதலில் சொல்லாவிட்டால் என் பயம் உங்களுக்குப் புரியாது. எங்கள் ஜனங்கள் தோல் ஷாப்பில் தோலை ஊறவைத்து, சுரண்டி, பதனிட்டுப் பிழைக்கிறவர்கள். டவுனில் துரைமார் கோயிலுக்குப் போனால் வாசலில் நின்றுதான் ஆராதனை கேட்போம். அதனால் முதலில் ஓலைக் கொட்டகையில் கூடினோம். பிறகு கல் அஸ்திவாரம் வந்தது, செங்கல் சுவர் வந்தது, உச்சியில் கூராகச் சேரும் ஜன்னல்கள் வந்தன. பீடத்துக்கு முன்னால் ஒரு பெரிய வளைவு. நான் வேலூரில் வாத்தியார் படிப்புப் படித்து வந்தவள். நடுவில் தூணில்லாமல் அந்த வளைவு எப்படி நிற்கிறது என்று வருகிறவர்களுக்கெல்லாம் மண்ணில் கோடு போட்டு விளக்குவேன். "டீச்சரம்மா, நீ பேசிப் பேசியே அத வுழ வெச்சிடப் போற" என்று அன்னம்மாக்கா கிண்டல் பண்ணுவாள்.

கூரைதான் நிற்கவில்லை. முந்தின வருஷம் தளம் இறுகுமுன் மழை பிடித்து, சுண்ணாம்பு கரைந்து, எல்லாம் உள்ளே விழுந்தது. இந்த முறையும் கெட்டால் வேலையை நிறுத்தி எங்களை டவுன் கோயிலோடு சேர்த்துவிடுவதாக மிஷன் துரை தீர்மானமாகச் சொல்லிவிட்டார். மறுபடியும் அந்த வாசல்.

மழை இல்லாத மாசம் என்றுதான் பங்குனியில் ஆரம்பித்தோம். தேக்கு உத்திரத்தின்மேல் செங்கல் அடுக்கி, சுண்ணாம்பும் ஜல்லியும் கொட்டி, கடுக்காயும் வெல்லமும் ஊறின தண்ணீரைத் தெளித்து, பெண்கள் வரிசையாக உட்கார்ந்து கட்டையால் அடித்தோம். அப்போதுதான் இடி. மூடுவதற்கு நாலு ஓலைத் தட்டிக்கு மேல் இல்லை. ஈரச் சுண்ணாம்பிலேயே முழங்கால் போட்டேன். "ஆண்டவரே, மழையை நிறுத்தும்." வேறு வார்த்தையே வரவில்லை. முதல் துளி என் கைமேல் விழுந்தது. நிஜத்தைச் சொல்கிறேன், எனக்கு அவர்மேல் கோபம் வந்தது.

ரோட்டில் மாட்டு வண்டிகளின் சத்தம் கேட்டது. முன் வண்டியில் என்னைப் பெற்ற நைனா. அவர் வேலை செய்கிற தோல் ஷாப்பின் முதலாளி சாயபு வானத்தைப் பார்த்ததும், யாரும் கேட்காமலே, மெட்ராஸுக்குப் போக இருந்த தோல்களை ஏற்றி அனுப்பியிருந்தார். உப்புப் போட்ட பச்சைத் தோல் பட்டால் சுண்ணாம்பு கெட்டுவிடும் என்று, பதனிட்ட தோலாகப் பார்த்து அவரே பொறுக்கினாராம். நனைந்தால் கறை பிடித்து விலை போகாது என்று தெரிந்தே.

ஐயர் இல்லாத எங்களுக்கு ஜெபம் நடத்திவந்த உபதேசியார் ஏணியடியில் தயங்கினார். "பீடத்துக்கு மேல தோலா? பிஷப் ஐயர் கேட்டா இன்னா சொல்றது?"

எனக்குப் பேச்சு பாய்ந்து வந்தது. "ஐயா, வனாந்தரத்துல மோசே போட்ட கூடாரத்துக்கு மேல இன்னா இருந்துச்சு? ஆட்டுத்தோல்தானே? அதுவும் செவப்பாக்கின தோலு."

அவர் முதல் தோலைத் தன் தோளில் போட்டுக்கொண்டு ஏணியில் ஏறினார்.

ஓடு வேய்கிற மாதிரி ஓரத்திலிருந்து ஒன்றன்மேல் ஒன்றாக விரித்தோம். மழை கொட்டியது. கீழே உட்கார்ந்து அண்ணாந்து பார்த்துக்கொண்டே இருந்தோம். ஒரு சொட்டு இறங்கவில்லை. உள்ளேயெல்லாம் தோல் வாடை. "இப்பதான் நம்ம கோயில் மாதிரி இருக்குது" என்றாள் அன்னம்மாக்கா. சிரித்தோம். சிரித்துக்கொண்டே அழுதோம்.

தளம் கல்லாக இறுகியது. பிஷப் ஐயர் வந்து பிரதிஷ்டை செய்தார். இப்போது எங்களுக்கென்று ஒரு ஐயர் இருக்கிறார். நன்றி சொல்லப் போன நைனாவிடம் சாயபு, "போய் வேலையப் பாருய்யா" என்றாராம்.

முன்பெல்லாம் ஜெபத்தில் என் குறையையும் சொல்லி, அதைத் தீர்க்கும் வழியையும் நானே சொல்லிக்கொடுப்பேன். இப்போது குறையோடு நிறுத்திக்கொள்கிறேன். உங்கள் தலைக்கு மேலும் இன்று மேகம் நிற்கலாம். கேளுங்கள். கேட்டுவிட்டு வானத்தையே பார்த்துக்கொண்டிருக்காதீர்கள், ரோட்டையும் பாருங்கள். யார் கையில் கொடுத்தனுப்புவார் என்று அவருக்குத்தான் தெரியும். அவருக்கே ஸ்தோத்திரம்.