ராஜ்யம் சாமி

பதினோரு வருஷம் நான் ஆங்கிலிக்கன் வழிவந்த ஒரு சபையில் ஐயராக, அதாவது பாதிரியாராக, இருந்தேன். பிறகு கத்தோலிக்கனாகி, என் வயதில் பாதிகூட இல்லாதவர்களோடு குருமடத்து பெஞ்சில் உட்கார்ந்து மறுபடியும் படித்து, சாமியாரானேன். ஏன் என்று கேட்பவர்களுக்கு என்னிடம் ஒரே பதில்தான். பூசையில் கொடுக்கும் அப்பத்தில் ஆண்டவர் நிஜமாகவே இருக்கிறார், வெறும் அடையாளமாக இல்லை என்று நம்பினேன். இன்றும் நம்புகிறேன். அந்த நம்பிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு என் அம்மாவுக்கு நான் செய்ததைத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

ராயபுரத்தில் ஒரு கோயிலையும் அதன் ஜனங்களையும் என் பங்காகக் கொடுத்தார்கள். ஜனங்களில் பாதிப் பேருக்குத் துறைமுகத்தில் வேலை, மீதிப் பேருக்குப் படகு. புதுச் சாமியார் வந்தால் முதல் வாரமே அவர் தங்கும் பங்களாவுக்கு மீன் வரும் என்று சொல்லியிருந்தார்கள். எனக்கு வரவில்லை. வந்தவர் உபதேசியார் ஒருவர்தான். துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ஓய்வுபெற்றவர். பூசையில் உதவுவதும், நோயாளி வீட்டுக்குப் போகும்போது மெழுகுவத்தியும் தீர்த்தச் செம்பும் எடுத்துக்கொண்டு சாமியாரோடு போவதும் அவர் வேலை. நான் சிலுவை போடுவதிலிருந்து முழங்கால் மடக்குவது வரை கண்கொத்திப் பாம்பாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மூன்றாவது வாரம் மாட்டிக்கொண்டேன். தெருமுனையில் மாதா சிலை வைத்த குகை மாதிரியான கெபியில் ஜெபமாலை, மைக் என் கையில். ஜெபமாலையில் பரலோக மந்திரம் சொல்லும் கத்தோலிக்கர்கள், தீமையிலிருந்து விடுதலை கேட்டதோடு ஆமென் சொல்லி நிறுத்திவிடுவார்கள். நான் வளர்ந்த சபையில் அதற்குப் பிறகும் ஒரு வரி உண்டு. ராஜ்யமும் மகிமையும் கடவுளுக்கே என்று முடியும். நாற்பது வருஷப் பழக்கம் சும்மா விடுமா? தெருவே வாயை மூடிக்கொண்ட பிறகும் ஸ்பீக்கரில் என் குரல் மட்டும் ராஜ்யம் என்று போய்க்கொண்டிருந்தது.

"இன்னா சாமி, பழய ரூட்லயே பூட்டீங்களே?" என்றார் உபதேசியார். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது.

அன்றிலிருந்து நான் ராஜ்யம் சாமி. பூசைப் பக்கமே தலைகாட்டாதவன்கூட அந்தப் பெயரைச் சொல்லித்தான் என்னைக் காட்டினான்.

நானும் சிரித்துவிட்டுப் போயிருக்கலாம். எனக்கு அந்தக் குணம் கிடையாது. இவர்கள் என்னைத் தங்கள் சாமியார் என்று சொல்லியே ஆக வேண்டும் என்று வெறி பிடித்துக்கொண்டது. தேவைக்கு மேல் முழங்காலில் நின்றேன். பிரசங்கத்தில் என் பழைய சபையைக் கிண்டலடித்தேன். எனக்குச் சோறு போட்டுப் படிக்கவைத்ததே அந்தச் சபைதான்.

அம்மா இன்னும் அந்தச் சபையில்தான் இருந்தாள். வியாசர்பாடி ஹவுசிங் போர்டு வீட்டில் தனியாக. நான் மாறியதற்கு அடி அவள் மேல் விழுந்தது. "உம் புள்ள இப்ப செலைக்கு மாலை போட்டுகினு கீறானாமே?" என்று கோயில் வாசலிலேயே பிடித்துக்கொள்வார்களாம். மாதர் சங்கத்தில் அவள் பக்கத்து நாற்காலியில் யாரும் உட்கார மாட்டார்களாம். கடைசியில் போவதையே நிறுத்திவிட்டாள். ஐந்து மாதமாகத் திருவிருந்து எடுக்கவில்லை என்று போனில் சொன்னாள். சரிம்மா என்று வைத்துவிட்டேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, சொல்லாமல் கொள்ளாமல் ஷேர் ஆட்டோ பிடித்து என் பூசைக்கு வந்துவிட்டாள். நன்மை, அதாவது அந்த அப்பம், வாங்கும் வரிசையில் அவளை ஆறேழு பேருக்கு முன்பே பார்த்துவிட்டேன். நான் ஐயராக இருந்தவரை அவளுக்கு அப்பமும் திராட்சை ரசமும் கொடுத்தது இந்தக் கைதான். வேறு சபைக்காரருக்கு நன்மை கொடுப்பதில்லை என்பது திருச்சபை விதி. விதியில் எனக்குச் சண்டை இல்லை. நெற்றியில் சிலுவை போட்டு ஆசீர்வதித்து அனுப்பியிருந்தால் ஒருவருக்கும் தெரிந்திருக்காது. ஆனால் தட்டைப் பிடித்துக்கொண்டு என் பக்கத்தில் நின்றவர் உபதேசியார்.

அம்மா இரண்டு கையையும் குவித்து நீட்டினாள்.

"கத்தோலிக்கருக்கு மட்டும்தான். தள்ளி நில்லுங்க" என்றேன், முன்பின் தெரியாதவளிடம் சொல்வதுபோல. என் அங்கியில் மைக் இருந்தது. அது எனக்குத் தெரியும்.

"எனுக்கு இல்லியா, நைனா?" என்றாள். அதுவும் கோயில் முழுக்கக் கேட்டது.

"அடுத்தவங்க வாங்க" என்றேன்.

அன்று சாயங்காலம் முதன்முறையாக மீன் வந்தது. நல்ல வஞ்சிரம். உபதேசியாரே கொண்டுவந்தார். "பெத்த அம்மாவுக்கே இல்லைன்ட்டீங்களே சாமி! இனிமே எவனாவது ராஜ்யம் கீஜ்யம்னு வாயத் தொறக்கட்டும், நான் பாத்துக்குறேன்" என்றார். சொன்னபடியே செய்தார். அந்தப் பெயர் ஒரே மாதத்தில் போய்விட்டது. படகு மந்திரிக்க, வீடு மந்திரிக்க என்று ஆள்மேல் ஆள் வந்தார்கள். அந்த மீனை நான் வறுக்கச் சொல்லி ஒரு துண்டு மிச்சம் வைக்காமல் சாப்பிட்டேன்.

அம்மா அதற்குப் பிறகு எந்தக் கோயிலுக்கும் போகவில்லை. அடுத்த வருஷம் நுரையீரல் கெட்டுப் படுத்தாள். ஒரு மத்தியானம் பக்கத்து வீட்டுக்காரி, உடனே வரச் சொல்லிப் போன் செய்தாள். உபதேசியாரின் ஸ்கூட்டரில் போனேன். கொடுங்கையூர்க் குப்பைமேட்டுப் புகை வராமலிருக்க ஜன்னலைச் சாத்தி வைத்திருந்தார்கள். அம்மாவுக்கு மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது.

சாகக் கிடப்பவர் வேறு சபையாக இருந்தாலும், வாய்திறந்து கேட்டால் நன்மை கொடுக்க வழி உண்டு. என் பையில் நன்மை வைத்த நற்கருணைச் சிமிழ் இருந்தது. கேட்டால் கொடுக்கலாம் என்று காத்திருந்தேன். அவள் கேட்கவில்லை. அவள்தான் ஏற்கெனவே ஒருமுறை கேட்டுவிட்டாளே.

"ஜெபம் பண்ணு" என்றாள்.

பரலோக மந்திரத்தைத் தொடங்கினேன். மூன்று பேருமாகச் சொன்னோம். தீமையிலிருந்து விடுதலை கேட்ட இடத்தில் நானும் உபதேசியாரும் நிறுத்தினோம். அவள் நிறுத்தவில்லை. இழுக்கிற மூச்சோடு ராஜ்யத்தைத் தொடங்கிவிட்டாள். பாதி வரியில் குரல் நின்றுபோயிற்று. நான் எடுத்துக் கொடுப்பேன் என்று என் வாயையே பார்த்தாள். அந்த வரியை எனக்குச் சொல்லிக்கொடுத்தவளே அவள்தான். மிச்சம் நாலைந்து வார்த்தை, தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். என் தோளுக்குப் பின்னால் உபதேசியார் மெழுகுவத்தியைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார்.

நான் ஆமென் சொல்லி முடித்துவைத்தேன்.