நிழல்சோற்றில் கட்டிய நூல்

என் மகள் போனில் ஒரு தொடர்கதை எழுதுகிறாள். சூரியனே உதிக்காத ஒரு நாடு, அங்கே ஏழு ஏரிகள், ஏரிக்கரையில் நிழல்களை விற்கும் சந்தை என்று கதை போகும். நான் எட்டாவது வரைக்கும்தான் படித்தேன். அவள் எழுதுவதை அவளுக்குத் தெரியாமல் மெதுவாகப் படிப்பேன். நன்றாக இருக்கிறது என்று நேரில் சொல்ல எனக்கு வாய் வராது.

அந்த நாட்டில் இறந்தவர்கள் ஒரு வருஷம் வீட்டிலேயே இருப்பார்கள். வருஷம் முடிந்ததும் நிழல்சோறு ஆக்கி அவர்களை வழியனுப்ப வேண்டும். யார் முகமும் படாத தண்ணீரில் மூன்று நாள் ஊறிய கறுப்பு அரிசி. உப்பு கிடையாது, ருசி பார்க்கவும் கூடாது. மூங்கில் குழாயில் அடைத்து வேகவைத்து, வாயை இலையால் மூடி, இறந்தவர் தொட்ட நூலால் கட்டி, அவர் உட்கார்ந்த இடத்தில் வைத்துக் கதவைச் சாத்திவிட வேண்டும். நூல் தானாக அறுந்தால் அவர் சாப்பிட்டுக் கிளம்பிவிட்டார் என்று அர்த்தம். அறுந்த நூலைத் தொடக் கூடாது.

இதை எழுதியபோது என் மனைவி உயிரோடு இருந்தாள். மகள் படித்துக் காட்டியதும், ராட்டையில் தறிக்கான நூலைத் தாராகச் சுற்றிக்கொண்டே, "உப்பு இல்லாம யாருடி துன்னுவா?" என்று சிரித்தாள்.

நாலு நாள் காய்ச்சலில் அவள் போய்விட்டாள். அதற்குப் பிறகு மகளுக்குத் தினமும் மதியம் இரண்டு மணிக்கு ராட்டைச் சத்தம் கேட்க ஆரம்பித்தது. ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு கிறீச். எங்கள் ராட்டை அப்படித்தான் கத்தும். நான் பக்கத்திலேயே தறியில் உட்கார்ந்திருப்பேன். எனக்கு ஒன்றும் கேட்காது. ராட்டை துணி மூடியபடி அசையாமல் இருக்கும்.

அவளுக்குக் கோயம்புத்தூரில் வேலை கிடைத்திருந்தது. இரண்டு தடவை சேருகிற தேதியைத் தள்ளிப் போட்டாள். மூன்றாவது தடவை, இந்தத் திங்கள்கிழமை வராவிட்டால் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அன்றைக்குத்தான் என்னிடம் வந்து நின்றாள்.

"அம்மா இங்க சுத்திக்கினு இருக்கும்போது நான் எப்படிப்பா உட்டுட்டுப் போறது?"

நிழல்சோறு ஆக்கலாம் என்று அவளே சொன்னாள். அது நீ எழுதினதுதானே என்று கேட்டேன். ஆமாம், ஆனால் வேறு எதுவும் எனக்குத் தெரியவில்லை என்றாள். அவள் அம்மாவின் வருஷத் தேவசம் முடிந்து பத்து நாள்கூட ஆகவில்லை.

ஐயம்பேட்டையிலிருந்து என் மனைவியின் அக்கா வந்திருந்தார். கறுப்பு அரிசி ஊறுவதைப் பார்த்துவிட்டு, "ஐயரு வச்சி எல்லாம் பண்ணியாச்சி. இப்ப இல்லாத ஊருக்குப் படையலாபா? அடுத்து அந்த ஊருக்கு ஷேர் ஆட்டோவும் உடுவீங்க போல" என்றார். ஆனாலும் மந்தாரை இலையை அவர்தான் துடைத்துக் கொடுத்துவிட்டுப் போனார்.

குழாய்க்குப் பஞ்சமில்லை. கோயில் இட்லி ஊற்றுகிற மூங்கில் குழாய் வீட்டில் இருந்தது. நூலுக்கு, மனைவி கடைசியாகச் சுற்றிய தார் இருந்தது. அரக்குப் பட்டு. ஒரு வருஷமாக அதைத் தறி நாடாவில் போட்டு நெய்யாமல் வைத்திருந்தேன். அதிலிருந்து ஒரு முழம் எடுத்துக் குழாயின் வாயைக் கட்டினேன்.

ராட்டைக்கு முன்னால் வைத்துக் கதவைச் சாத்திவிட்டு, நாங்கள் இருவரும் சமையல்கட்டில் உட்கார்ந்தோம். வெளியே நல்ல வெயில். தெருவில் யாரோ தண்ணீர் கேன் இறக்கிக்கொண்டிருந்தார்கள். இரண்டு மணிக்கு மகள் என் கையைப் பிடித்தாள். கேட்கிறது என்று புரிந்தது. அவள் கை விறைத்தே இருந்தது. பிறகு திடீரென்று தளர்ந்தது.

"நின்னுடுச்சிப்பா."

அவள் கதைப்படி, வீட்டில் மூத்தவர் மட்டும்தான் உள்ளே போக வேண்டும். போனேன். நூல் அறுந்திருந்தது. இலை பாதி விரிந்திருந்தது. சோற்றின் ஓரத்தில் மூன்று விரலால் அள்ளினது போல ஒரு பள்ளம். பூனையா என்று பார்த்தேன். ஜன்னல் சாத்தியிருந்தது. அறையில் எந்த வாசனையும் இல்லை, சோற்று வாசனைகூட இல்லை.

நாற்பது வருஷமாகத் தறியில் இருப்பவன் நான். அறுந்த இழை கண்ணில் பட்டால் கை சும்மா இருக்காது. பேசிக்கொண்டே முடிச்சுப் போடுவேன், தூக்கக் கலக்கத்திலும் போடுவேன். என்ன செய்கிறேன் என்று எனக்கு உறைத்தபோது இரண்டு நுனியும் சேர்ந்து, முடிச்சு இறுகியிருந்தது. இலை மறுபடி மூடிக்கொண்டது.

பட்டு முடிச்சு இறுகினால் அவிழாது. வெட்டத்தான் வேண்டும். கத்தரி தறிமேல் இருந்தது, இரண்டடி தூரத்தில். அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. கை செய்தது பழக்கத்தில். கத்தரியை எடுக்காதது நான்.

வெளியே வந்ததும் மகள் என் முகத்தைப் பார்த்தாள்.

"அறுந்துச்சாப்பா?"

"அறுந்துச்சும்மா."

அது பொய் இல்லை. ஒரு வருஷத்துக்குப் பிறகு அன்று மகள் வயிறாரச் சாப்பிட்டாள்.

குழாயை நான் தனியாகப் பஸ்ஸில் எடுத்துப்போய், தென்னேரி ஏரியில் சோற்றைக் கரைத்தேன். கரையோரம் பொரி போட்டால் முட்டிக்கொண்டு வரும் மீன்கள், அன்று ஒன்றுகூடக் கிட்டே வரவில்லை. குழாயின் வாயிலிருந்து உருவிய நூலை என் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை அவள் கிளம்பினாள். திங்கள்கிழமை மதியம் நான் தறியில் ஊடை ஓட்டிக்கொண்டிருந்தபோது, எனக்குப் பின்னால், முதல் கிறீச் கேட்டது. நான் திரும்பவில்லை. கொஞ்ச நேரம் கழித்து மிதியை மிதித்தேன். மிதிக்கு மிதி அது சேர்ந்துகொண்டது, அவள் இருந்த காலத்தில் போலவே. அதிலிருந்து தினமும் கேட்கிறது. ராட்டையை மூடிய துணியை எடுத்துப் பார்க்க எனக்குத் தைரியமில்லை.

மகள் சாப்பாட்டு இடைவேளையில் போன் செய்வாள். இப்போதெல்லாம் எந்தச் சத்தமும் இல்லைப்பா, நிம்மதியாக இருக்கிறேன் என்பாள். ஒரு தடவை நடுவில் பேச்சை நிறுத்தி, "அங்க இன்னாப்பா சத்தம்?" என்று கேட்டாள். ஃபேன் என்றேன். இப்போது இரண்டு மணிக்கு மேல் போன் அடித்தால், தெருமுனை வரைக்கும் நடந்துபோய்த்தான் எடுக்கிறேன்.