ஓட்டுச்சாவடியில் சொன்ன பெயர்

இரண்டாவது உலக யுத்தம் தொடங்குவதற்கு ஓரிரு வருஷம் முந்தி, சேலம் ஜில்லாவின் மேற்கே ஒரு முனிசிபல் ஊரில் நடந்தது இது. நான் அங்கே பெண்கள் ஆரம்பப் பள்ளியில் டீச்சராக இருந்தேன். பிறந்தது தம்மம்பட்டிப் பக்கம். கல்யாணமான இரண்டாம் வருஷமே அவர் விஷ ஜுரத்தில் போய்விட்டார். ஊர் வாயைப் பொருட்படுத்தாமல் என் அப்பா என்னை டிரெய்னிங் படிக்க வைத்தார். வேலை கிடைத்த ஊருக்கு நான் தனியாகவே வந்து சேர்ந்தேன். எனக்கு வாய் கொஞ்சம் ஜாஸ்தி, பொறுமை கம்மி. அதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன்.

நான் குடியிருந்த தெருவுக்குக் குடிதண்ணீர் ஒரு படிக்கிணற்றில்தான். படியிறங்கி, காலை நனைத்துத்தான் குடத்தில் மொள்ள வேண்டும். அதனால் தெருவில் பலருக்கும் காலில் நரம்புச் சிலந்தி, நூல் மாதிரிப் புழு புறப்படுகிற வியாதி. ஒரு நாள் முனிசிபாலிட்டி ஆள் தமுக்கடித்துக்கொண்டு வந்து, கிணற்றை மூடப்போவதாகச் சொல்லிவிட்டுப் போனான். மூட வேண்டியதுதான், யாரும் இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் தண்ணீர்க் குழாய் இரண்டு தெரு தள்ளியே நின்றுபோயிருந்தது. அங்கே எந்நேரமும் குடுமிப்பிடிச் சண்டை. கிணற்றையும் மூடிவிட்டால் நாங்கள் ஊரைத் தாண்டித் தோட்டத்துக் கிணறுகளுக்கு நடக்க வேண்டும். தோட்டக்காரர் மனசு வைத்தால் தண்ணீர், இல்லாவிட்டால் வசவு.

எதிர்வீட்டில் ஒரு அக்கா இருந்தார். பண்ணையம் பார்க்கும் குடும்பம். பட்டி நிறைய மேச்சேரி ஆடு, வீடு நிறைய ஆள். அக்காவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது, யாருக்கும் பயப்படவும் தெரியாது. அவர்தான் தெருப் பெண்களைத் திரட்டி, பேசுவதற்கு என்னையும் இழுத்துக்கொண்டு முனிசிபல் கமிஷனரைப் பார்க்கக் கிளம்பினார். கமிஷனர் மரியாதையாகவே பேசினார். தான் சம்பளத்துக்கு இருக்கிற உத்தியோகஸ்தர் என்றும், கவுன்சில் போடுகிற தீர்மானத்தை நடத்திவைப்பதுதான் தன் வேலை என்றும் சொன்னார். சேர்மன் வீட்டுக்குப் போனோம். அவர் எல்லோருக்கும் மோர் கொடுத்தார். வார்டுக்கு ஒருவராக வந்த கவுன்சிலர்கள்தான் தன்னைச் சேர்மனாக உட்கார வைத்தார்கள், அதிகம் பேர் எந்தப் பக்கமோ அந்தப் பக்கம்தான் காரியம் நடக்கும், உங்கள் வார்டு மெம்பரைப் பேசச் சொல்லுங்கள் என்று அனுப்பிவிட்டார்.

சரி, கவுன்சில் கூட்டத்தையே பார்த்துவிடுவோம் என்று போனோம். பொதுஜனங்களுக்கென்று சுவரோரம் ஒரு பெஞ்சு உண்டு. அதில் பெண்கள் உட்கார்ந்து அதுவரை யாரும் பார்த்ததில்லை போலிருக்கிறது. பியூன் திருதிருவென்று விழித்தான். உட்காரலாம், கேட்கலாம், ஆனால் வாய் திறக்கக் கூடாது என்று சொல்லிவிட்டான். எனக்கு அது எவ்வளவு கஷ்டம் என்று பாருங்கள். எங்கள் வார்டு மெம்பர் எழுந்து குழாயைப் பற்றி ஒரு வார்த்தை சொல்வார் என்று காத்திருந்தோம். அவர் கிணற்றை மூடுகிற தீர்மானத்துக்குக் கையைத் தூக்கிவிட்டு வெற்றிலையை மடிக்க ஆரம்பித்தார்.

திரும்பி வரும்போது அக்கா விறுவிறுவென்று எனக்கு முன்னால் நடந்தார். பிறகு, "நாம பேசுனா அங்க செல்லாது. பேசற ஆளை நாமதான் அனுப்போணும். அப்படித்தானுங்க டீச்சரம்மா?" என்றார். அப்படித்தான் என்றேன்.

அந்த வருஷமே தேர்தல் வந்தது. பழைய மெம்பரை எதிர்த்து ஒரு நூல் வியாபாரி நின்றார். முதலில் குழாய், அப்புறம்தான் கிணற்றை மூடுவது என்று அவர் தெருவில் நின்று வாக்குக் கொடுத்தார். ஆண்கள் ஓட்டு பங்காளி, சம்பந்தி என்று பழைய வழியிலேயே சரிபாதியாகப் பிரிந்து கிடந்தது. அந்தத் தடவைதான் எங்கள் வார்டில் பெண்கள் நிறையப் பேர் ஓட்டர் பட்டியலில் ஏறியிருந்தார்கள். தண்ணீர் சுமக்கிறவர்கள் அவர்கள். அவர்கள் வந்து போட்டால் குழாய், வராவிட்டால் வெற்றிலைக்காரர்.

ஓட்டுச்சாவடி எங்கள் பள்ளிக்கூடத்தில்தான். பெண்களுக்குத் தனி அறை. பட்டியலில் பெயர் பார்த்துச் சீட்டுக் கொடுக்கிற வேலை எனக்கு. மேலதிகாரியாகத் தாசில் ஆபீசிலிருந்து வயதான ஒருவர் வந்திருந்தார். எழுத்துத் தெரியாதவர்களுக்காக ஆளுக்கொரு நிறத்தில் பெட்டி. நூல் வியாபாரிக்குப் பச்சை, பழையவருக்குச் சிவப்பு. திரைக்குப் பின்னால் போய் வேண்டிய பெட்டியில் சீட்டைப் போட வேண்டியதுதான்.

காலையிலேயே பெண்கள் திருவிழாவுக்கு வருகிற மாதிரி வந்து நின்றார்கள். முதலில் வந்தவளிடம் பேர் கேட்டேன், சொன்னாள். புருஷன் பேர் கேட்டேன். சிரித்துக்கொண்டு தலையைக் குனிந்துகொண்டாள். பட்டியலில் இன்னாருடைய மனைவி இன்னார் என்றுதான் போட்டிருக்கும். இரண்டும் ஒத்துப்போனால்தான் சீட்டு. மறுபடி கேட்டேன். "அதெப்படிங்க என் வாயால சொல்றது?" என்றாள். அடுத்தவளும் அப்படியே. அதற்கடுத்தவள் கேள்வியைக் கேட்டதுமே முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். புருஷன் பெயரைச் சொன்னால் அவன் ஆயுசு குறைந்துவிடும் என்று பிறந்ததிலிருந்து கேட்டு வளர்ந்தவர்கள்.

பழைய மெம்பரின் ஏஜண்டு வாசற்படியில் நின்றுகொண்டிருந்தார். பெயர் சொல்லாதவர்களுக்குச் சீட்டுக் கொடுக்கக் கூடாது என்று அவர் சட்டம் பேசினார். பெண்கள் வந்த வழியே திரும்பினால் யாருக்கு லாபம் என்று அவருக்குத் தெரியாதா என்ன. எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. அதை அவரிடம் காட்டாமல் பெண்களிடம் காட்டினேன். பேர்தானே, சொன்னால் நாக்கு வெந்துவிடுமா, இதற்காகவா கூட்டத்தில் போய் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்தோம் என்று பள்ளிக்கூடமே கேட்கிற மாதிரி கத்தினேன். ஒரு சின்னப் பெண் அழுதுவிட்டாள். மாட்டுக்குத் தண்ணி காட்டணும் என்று சொல்லிக்கொண்டு சிலர் நகர ஆரம்பித்தார்கள்.

அக்கா வரிசையை விட்டு முன்னால் வந்தார். "அவ ஊட்டுக்காரரு பேரை அவ சொல்லக் கூடாது. பின்னால நிக்கறவ சொல்லலாமில்லீங்க?" என்று அதிகாரியைப் பார்த்துக் கேட்டார்.

ஏஜண்டு கூடவே கூடாது என்றார். அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வந்திருப்பது இன்னார்தான் என்று தெரியவேண்டும், அது யார் வாயால் தெரிய வேண்டும் என்று விதியில் போடவில்லை, எல்லோரும் உங்கள் தெருக்காரர்கள்தான், பொய் சொன்னால் நீங்களே ஆட்சேபிக்கலாமே என்றார். அப்புறம் என் பக்கம் குனிந்து, "எங்க ஊட்லயும் இதே கதைதானம்மா. கல்யாணமான நாள்ல இருந்து 'ஏனுங்க'தான் என் பேரு" என்றார்.

சிக்கல் அதோடு தீர்ந்தபாடில்லை. அந்தத் தெருவில் பாதி ஆண்களுக்குக் குலசாமி பெயர்தான். முன்னால் நிற்பவள் புருஷனும் பின்னால் நிற்பவள் புருஷனும் ஒரே பெயராக இருந்தால் யார் சொல்வது? கொழுந்தன் பெயர் பரவாயில்லையாம், மூத்தார் பெயர் ஆகாதாம். மாமியார் மருமகளுக்காகச் சொல்லலாம், அது பெற்ற பிள்ளையின் பெயர்தானே. மருமகள் மாமியாருக்காகச் சொல்ல முடியாது, மாமனார் பெயராயிற்றே. அக்கா வரிசையின் குறுக்கும் நெடுக்கும் நடந்து, கையைப் பிடித்து இழுத்து, சீட்டுக்கட்டு அடுக்குகிற மாதிரி ஆட்களை மாற்றி மாற்றி நிறுத்தினார். மருமகளுக்குப் பின்னால் நிற்பதா என்று முறைத்துக்கொண்ட மாமியார்களைக் கூட ஒரு அதட்டில் சரிக்கட்டிவிட்டார். அதன்பிறகு வேலை மளமளவென்று நடந்தது. பின்னால் நிற்பவள் பெயரைச் சொல்லுவாள், முன்னால் நிற்பவள் வெட்கப்படுவாள், நான் சீட்டைக் கொடுப்பேன். அழுத பெண்ணும் போட்டுவிட்டுச் சிரித்துக்கொண்டே போனாள். கன்னத்தைத் தட்டிக் கொடுத்தேன், வேறென்ன செய்வது.

பொழுது சாய்ந்து, சாவடியை மூடுகிற நேரம் வந்தது. நீங்கள் போடவில்லையே அம்மா என்று அதிகாரி கேட்டார். தொழில்வரி கட்டுகிறவள் என்பதால் எனக்கும் அந்த வார்டில்தான் ஓட்டு. வேலை மும்முரத்தில் மறந்தே போயிருந்தேன். அவரே என் நாற்காலியில் உட்கார்ந்து பட்டியலை எடுத்துக்கொண்டார். நான் மேஜைக்கு முன்னால் போய் நின்றேன். என் பெயரைக் கேட்டார், சொன்னேன். காலையிலிருந்து கேட்டுக் கேட்டுப் பழகிய கேள்விதான், கணவர் பெயர் என்றார்.

வாயைத் திறந்தேன், வரவில்லை.

அவர் இருந்தபோது நான் அவரை எந்தப் பெயரும் சொல்லிக் கூப்பிட்டதில்லை. போன பிறகு கூப்பிட ஆளில்லை. டிரெய்னிங் விண்ணப்பத்தில் எழுதியதும் அப்பாதான். அந்தப் பெயர் என் வாயிலிருந்து ஒரு தடவைகூட வந்ததில்லை என்பதே அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. சொன்னால் ஆயுசு குறையும் என்பார்கள். குறைவதற்கு இனி அங்கே ஆயுசு ஏது? அது தெரிந்தும் நாக்கு புரளவில்லை. இனிமேலும் அவருக்கு ஏதோ கெடுதல் செய்யப் போகிறவள் மாதிரி நின்றேன்.

அதிகாரிக்குப் புரிந்துவிட்டது. உங்களை எனக்குத் தெரியாதா, சீட்டை வாங்கிக்கொள்ளுங்கள் என்றார். ஏஜண்டுகூடச் சரியென்று தலையாட்டினார். காலையில் அத்தனை பேரிடமும் கத்திவிட்டு எனக்கு மட்டும் சலுகையா என்று நான் கையை நீட்டவில்லை. வாசலில் அக்காவும் இன்னும் நாலைந்து பேரும் எனக்காகக் காத்து நின்றார்கள். அக்கா பின்னால் வந்து நின்று, "நான் சொல்றேனுங்க" என்று ஆரம்பித்துவிட்டு அப்படியே நிறுத்திவிட்டார். அவருக்கு அந்தப் பெயர் தெரியாது. நான் யாரிடமும் சொன்னதில்லை, கேட்டால் எனக்கு வருத்தமாக இருக்கும் என்று அவர்களும் கேட்டதில்லை. அந்த ஊரில் அவரைத் தெரிந்தவர்கள் ஒருவர்கூட இல்லை. நான் சொல்லாவிட்டால் சொல்ல ஆளில்லை.

அக்கா என் முகத்தைப் பார்த்தார். பிறகு மற்றவர்களிடம், "எல்லாரும் அந்தப் பக்கமாத் திரும்பிக்குங்க" என்றார். பெண்கள் அத்தனை பேரும் எனக்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்றார்கள். அக்காவும் திரும்பிக்கொண்டார். நான் சொன்னேன். அதிகாரி தலை நிமிராமல் பட்டியலில் கோடு போட்டார்.

"நல்ல பேருங்க டீச்சரம்மா" என்றார் அக்கா, திரும்பாமலே.

திரைக்குப் பின்னால் போனதும் கண்ணெல்லாம் கலங்கி எது பச்சை, எது சிவப்பு என்றே தெரியவில்லை. முந்தானையால் துடைத்துக்கொண்டு, நன்றாகப் பார்த்துத்தான் சீட்டைப் போட்டேன். நூல் வியாபாரி கொஞ்சம் ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார். குழாய் உடனே வந்துவிடவில்லை. நாங்கள் அந்தப் பெஞ்சில் போய்ப் போய் உட்கார்ந்து, பியூனே எங்களைக் கண்டதும் இடம் துடைத்துப் போடுகிற அளவுக்கு ஆன பிறகுதான் வந்தது. அதன் பிறகே கிணற்றை மூடினார்கள்.

அதற்குப் பிறகு எத்தனையோ தேர்தல் வந்துவிட்டது. ஒரு ஓட்டையும் நான் விட்டதில்லை. பெரிய தேசபக்தை என்று என்னைக் கேலி செய்கிறார்கள், செய்யட்டும். மேஜைக்குப் பின்னால் இருக்கிறவர் கணவர் பெயர் என்ன என்று கேட்கும்போது நான் இப்போதெல்லாம் நன்றாகச் சத்தமாகவே சொல்கிறேன், ஏனென்றால் என் வாயால் அவர் பெயரைச் சொல்ல எனக்குக் கிடைத்திருக்கிற இடம் அந்த ஓட்டுச்சாவடி ஒன்றுதான்.