சிங்கத்துக்குச் சாப்பாடு போட்ட மனிசன்

மோர்னிங்சைட்டில, நாட்டுக்குப் புதுசா வந்த எங்களுக்கு நடந்த இங்கிலிஷ் வகுப்பில, ரீச்சர் ஒருநாள் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஒண்டு போட்டா. மிருகக்காட்சிச்சாலையில ஒரு மனிசன் சிங்கத்துக்கு இறைச்சி எறிஞ்சுகொண்டு வாய் ஓயாமல் கதைக்கிறார். எனக்கு ஒரு சொல்லும் கேக்கேல்லை. எந்தக் கண்டறியாத இங்கிலிஷும் என்ர காதுக்குள்ள போகாதாக்கும் எண்டு எரிச்சல் எரிச்சலா வந்தது. பொறுக்கேலாமல், அவர் என்ன சொல்லுறார் எண்டு ரீச்சரிட்டைக் கேட்டன்.

"ஆருக்குத் தெரியும்? இது ஊமைப்படம்" எண்டு அவ சிரிச்சா.

அப்பாடா! அவவுக்கும் விளங்கேல்லை. அந்தத் துணிவில, அந்த மனிசன் சிங்கத்துக்குச் சொல்லுறது இதுதான் எண்டு, மகனுக்குச் சோறு தீத்தேக்கை நான் சொல்லுற "சாப்பிடு ராசா"வை "ஈற், கிங்" எண்டு சொல்லிவிட்டன்.

சிங்கம் ராசாதானே, ரீச்சர் சரியெண்டு தலையாட்டினா.