பொன்னையாவின் மரண அறிவித்தல்

அலெக்ஸாண்டர் அண்ணையை நான் சாகடித்தது 1995 ஒக்டோபரில். எழுதியது நான், எழுதச் சொன்னது நவரட்ணம் அண்ணை. பழியில் பாதியை அவர் தலையில் போட்டுவிட்டுத்தான் கதையைத் தொடங்குவேன்.

ரொறன்ரோத் தமிழர்களுக்கென்று சனிக்கிழமைகளில் அரை மணி நேரத் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்று இருந்தது. அதில் பன்னிரண்டு நிமிடம் ஓடும் நகைச்சுவைத் தொடர் எங்களுடைய ‘பதினோராம் மாடி’. நவரட்ணம் அண்ணைதான் தயாரிப்பாளர், இயக்குநர், கமராக்காரர், எல்லாம். துர்க்கா என்கிற நான் பகலில் பல் வைத்தியரிடம் வரவேற்பாளர், பின்னேரத்தில் வசனம் எழுதுபவள்.

அலெக்ஸாண்டர் அண்ணைக்குப் பொன்னையா வேடம். பொன்னையா எழுபது வயதுக் கிழவர். டோர்செட் பார்க் பகுதியில் ஒரு கட்டடத்தின் எலிவேற்றரை விட்டு வெளியே வரவே மாட்டார். ஏறுகிறவர்களுக்கெல்லாம் கேட்காத புத்திமதி சொல்வார். வாரத்துக்கு மூன்றே வசனம். நடித்தவருக்கு உண்மையில் நாற்பத்தாறு வயது. தலைக்குப் பவுடர், கன்னத்தில் நாலு கோடு, முதுகில் ஒரு கூனல். கதவு திறந்து அந்தக் கூனல் தெரிந்தாலே சனம் சிரிக்கத் தொடங்கிவிடும்.

மன்னாரில் பிறந்தவர். இங்கே கார்க் கதவுக்குக் கைப்பிடி செய்யும் தொழிற்சாலையில் ஒன்பது வருடம். “அங்கை ஒருத்தனும் என்ர முகத்தை நிமிந்து பாக்கிறதில்லை, தங்கச்சி. என்னைப் பாத்துச் சிரிக்கிற இடம் உந்த எலிவேற்றர் ஒண்டுதான்” என்று ஒருமுறை சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. மூன்று வசனத்துக்காக அந்த மனிதர் ஐந்து நாள் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார்.

அதற்கும் ஆப்பு வைத்தது சனிக்கிழமை ஓவர்டைம். படப்பிடிப்பு காலை ஏழு மணிக்கு. அவர் பன்னிரண்டு மணிக்கு மூச்சு வாங்க ஓடி வருவார். மூன்று முறை பொறுத்த நவரட்ணம் அண்ணை, நாலாம் முறை “கிழவனை முடிச்சுவிடு பிள்ளை” என்றார். நானும் முடித்தேன். அதை அவரிடம் சொல்ல எங்கள் இருவருக்கும் நெஞ்சுரம் இல்லை.

சாவைக் காட்ட ஒரு மரண அறிவித்தல் தேவைப்பட்டது. எங்கள் கடைகளின் கண்ணாடிக் கதவில், கறுப்புக் கரை போட்டு, படத்தோடு ஒட்டியிருப்பார்களே, அதே மாதிரி. பொன்னையாவின் படம் போட்டேன். முகவரியும் தொலைபேசி இலக்கமும் இல்லாத அறிவித்தலை யார் நம்புவார்? கைக்கு வந்த அலெக்ஸாண்டர் அண்ணையின் வீட்டு விவரத்தையே எழுதிவிட்டேன். ஒரு மளிகைக் கடைக் கதவில் ஒட்டிப் படம் எடுத்தோம். கிழிக்க மறந்து வீட்டுக்குப் போய்விட்டோம். என் புத்தியைச் செருப்பால் அடிக்கவேண்டும்.

மறுநாள் ஞாயிறு. பூசை முடிந்து வந்த அவருடைய மனைவி வேரோனிக்கா அக்காதான் முதல் அழைப்பை எடுத்தார். “பொன்னையா அண்ணை எப்ப மோசம் போனவர்?” பிழையான இலக்கம் என்று வைத்துவிட்டார். பத்தாவது அழைப்போடு தொலைபேசியைக் கழற்றி வைத்தார். பின்னேரம் சனமே வந்துவிட்டது. செத்தவீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை அல்லவா? வோபர்ன் பகுதியில் இருந்துகூட இடியப்பமும் சொதியும் புட்டும் சட்டி சட்டியாக வந்து இறங்கின.

கதவைத் திறந்தது செத்தவரேதான். பவுடரும் கூனலும் இல்லாததால் ஒருவருக்கும் அடையாளம் தெரியவில்லை. தொடரில் நாங்கள் நடிகர் பெயர் போடுவதில்லை என்பதால் அலெக்ஸாண்டர் என்ற பெயரும் தெரியாது. ஒரு அன்ரி அவருடைய இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு அழுதார். “நீர்தான் மகனோ ராசா? அப்பாவை உரிச்சுப் படைச்ச முகம். மனிசன் இல்லாட்டி இந்தக் குளிருக்கை நாங்கள் எப்பிடிச் சிரிச்சிருப்பம்?”

அவர் “நான்தான் அன்ரி அது” என்று சொல்லிக் கூனிக் காட்டினாராம். அன்ரி முதலில் கத்தினார், பிறகு தோளில் அடித்து அடித்துச் சிரித்தார்.

நடிப்பைக் கோமாளி வேலை என்று அதுவரை திட்டிய வேரோனிக்கா அக்கா அடுப்படியில் நின்று அழுதார். பிறகு முகத்தைக் கழுவினார். “எழும்புங்கோ. நவரட்ணத்திட்டைப் போவம். நானும் வாறன்.”

நவரட்ணம் அண்ணை வீட்டின் கீழ்த்தளத்துப் பேஸ்மென்றில் நானும் இருந்தேன். வேரோனிக்கா அக்கா பின்னால் நிற்க, அலெக்ஸாண்டர் அண்ணை மேசையில் நாலு சட்டியை இறக்கினார்.

“என்ர செத்தவீட்டுச் சாப்பாடு, நவம். சாக்காட்டினது நீர்தானே, முதல் கை நீர் வையும்.”

நவரட்ணம் அண்ணை அசடு வழிந்தார். “பொன்னையாவுக்கு ஒரு தம்பி இருந்தவன் எண்டு கொண்டுவருவமே?”

“தம்பியும் வேண்டாம், தமையனும் வேண்டாம். பொன்னையா சாகேல்லை. அந்தப் படம் இன்னும் ஒளிபரப்பாகேல்லைத்தானே? திருப்பி எடுப்பம். சனிக்கிழமை ஏழு மணிக்கு நிப்பன்.”

“ஓவர்டைம்?”

“அது என்ர பாடு. இன்னொண்டு. கடைசியிலை என்ர பேரைப் போட வேணும். இனி ஆர் அழுதாலும் ஆருக்கு அழுகினம் எண்டு தெரிஞ்சு அழட்டும்.”

அந்தச் சனிக்கிழமைக்கு அவர் எப்படி லீவு எடுத்தார் தெரியுமா? கடைக் கதவில் கிழித்தெடுத்த என் அறிவித்தலையே தொழிற்சாலை ஃபோர்மனிடம் நீட்டினார். ஃபோர்மன் படத்தைப் பார்த்து “உன் தகப்பனா?” என்று கேட்டு, முதுகில் தட்டி அனுப்பினாராம். அடுத்த கிழமையே இரவு வேலைக்கு மாறினார். அதன் பிறகு வேலை முடிந்து, தூங்காமல், நேராகப் படப்பிடிப்புக்கு வருவார். 1999இல் தொடர் முடியும்வரை ஒரு நாளும் பிந்தியதில்லை.

புதிதாக எடுத்த காட்சியில் எலிவேற்றர் கதவு திறக்கிறது. உள்ளே பொன்னையா தன் மரண அறிவித்தலைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்து வாசிக்கிறார். “வயசைக் கூட்டிப் போட்டிட்டாங்கள்” என்கிறார். அந்த வசனம் நான் எழுதியதல்ல.

அது ஒளிபரப்பான அன்று, கடைசியில் அவர் பெயர் வந்தது. உடனே அவர் வீட்டுத் தொலைபேசி அடித்தது. அதே அன்ரி. பொன்னையா அண்ணையைக் கேட்டார்.

வேரோனிக்கா அக்கா சொன்னார்: “அவர்ர பேர் அலெக்ஸாண்டர். என்ர மனிசன். நல்லா இருக்கிறார். உங்கட புட்டுச் சட்டி இஞ்சை கிடக்கு, வந்து எடுத்துக்கொண்டு போங்கோ.”