கூடிப்போன எஸ்

சுனாமிக்குப் பிறகு பெரியகல்லாற்றில், ஒரு தகரக் கொட்டகையில் நான் ஆங்கிலம் படிப்பித்தேன். நிவாரண வேலை தேடியவர்கள்தான் மாணவர்கள். அவர்களைப் படாதபாடு படுத்தியது எஸ் என்ற ஒரேயோர் எழுத்து.

"வீட்டில ஒரு சைக்கிள்தான் இருக்கெண்டு நினைச்சுக்கொள்ளுங்க," என்பேன். "பெயர்ச்சொல் அத எடுத்தா வினைச்சொல் நடந்துதான் போகணும். த போட்ஸ் கம். வினைச்சொல் எடுத்தா மற்றவர் நடக்கணும். த போட் கம்ஸ்."

"டபிள் போக ஏலாதா டீச்சர்?" என்று ஒருத்தி கேட்டாள். கொட்டகையே சிரித்தது. தாயை அலை கொண்டுபோனபின் இரண்டு தம்பிமாரை வளர்த்துக்கொண்டிருந்தவள். அவளுடைய கொப்பியில் எஸ் எப்போதும் இரண்டு இடத்திலும் இருக்கும்.

யுத்தத்தின் கடைசி மாதங்களில், கடைக்குப் போன அவளுடைய மூத்த தம்பி திரும்பி வரவில்லை. அவனையும் பிடித்துக்கொண்டு போய்விடுவார்களென்று பயந்து, இளையவனைக் கிரான் பக்கத்தில் வயல் காவலுக்குப் போட்டிருந்த வாடியொன்றில் ஒளித்து வைத்தாள். அது அவளுக்கும் எனக்கும் மட்டும் தெரியும். காணாமல் போனவனுக்காக அவளே ஆங்கிலத்தில் ஒரு மனு எழுதினாள். மொழிபெயர்க்க நானும் அவளோடு, காணாமல் போனவர்களை விசாரிக்கும் நகரத்து அலுவலகத்துக்குப் போனேன். மேசையில் வைக்கும்வரை அந்த மனுவை நான் பார்க்கவில்லை.

அதிகாரி ஆங்கிலத்தில் உரக்க வாசித்தார். "மை பிரதர்ஸ் கோஸ் டு ஷொப்." நிறுத்தினார். "பிரதர்ஸா? எத்தனை பேர்? மற்றவன் எங்கே?"

மூலையில் சிவில் உடுப்பில் இருந்தவர் பத்திரிகையை மடித்தார். அவள் என் முகத்தையே பார்த்தாள்.

"ஒருவன்தான், சேர்," என்றேன் ஆங்கிலத்தில். "வினைச்சொல்லைப் பாருங்கள். கோஸ். ஒருமை. பெயர்ச்சொல்லில்தான் பிழை. இவள் என் மாணவி. எஸ்ஸை எங்கே போடுவதென்று கடைசிவரை பிடிபடவில்லை." சிரிக்கவும் செய்தேன்.

"நல்ல டீச்சர்," என்று சொல்லிக்கொண்டே அதிகாரி சிவப்புப் பேனையால் அந்த எஸ்ஸை வெட்டினார்.

மற்றவர் எழுந்து வந்து அவளிடம் தமிழில் கேட்டார்: "உனக்கு எத்தனை தம்பி?"

"ஒராள்தான்."

அவளுடைய குரல் ஆடவில்லை. அவர் அவளையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு போய்ப் பத்திரிகையை விரித்தார்.

பஸ் நிலையத்தில் அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு சத்தியெடுத்தாள். தண்ணீர் வாங்கிக் கொடுத்தேன்.

"இருக்கிற தம்பிய இல்லையெண்டு சொல்லிற்றனே டீச்சர்," என்றாள்.

இளையவன் அடுத்த வருடம் கட்டாருக்குப் போய்ச் சேர்ந்தான். மனுவுக்கு இன்றுவரை பதில் இல்லை.