அக்கா மகளின் பெயருக்கு அர்த்தம்

மூன்றெழுத்துப் பெயர். வாயைப் பாதி திறந்தாலே சொல்லி முடித்துவிடலாம். கல்யாணமாகிப் பன்னிரண்டு வருடம் கழித்து, முப்பத்தெட்டு வயதில் என் அக்கா பெற்ற பெண்ணுக்கு அவளே தேடி எடுத்த பெயர். ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபடி, கைபேசியில், ஒரு கையால் பிள்ளையை அணைத்துக்கொண்டு தேடினாளாம். இந்த ஜில்லாவில் வேறு யாருக்கும் அது இருக்காது என்று பெருமையாகச் சொன்னாள். கேட்ட நிமிடத்திலிருந்து எனக்கும் அந்தப் பெயருக்கும் பகை.

நான் எழுதுகிறவன். சொல்லைத் தட்டிப் பார்த்து எடுக்கிறவன். ஓசை நன்றாக இருந்து உள்ளே ஒன்றுமில்லாத சொல்லைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். இதெல்லாம் அக்காவுக்குத் தெரியும். தெரிந்தேதான் என்னிடம் வந்தாள்.

“பேரு வைக்கிற அன்னிக்கி என் மாமியாரு அர்த்தம் கேக்கும். நீ பொஸ்தகம் எழுதறவன். நீ எழுந்து சொன்னா அது வாய மூடிக்கும். நல்லாப் பாத்து வைய்யி.”

பார்த்தேன். ஓர் இணையப் பக்கம் சமஸ்கிருதம் என்றது. விடியலின் முதல் வெளிச்சமாம். இன்னொன்று பாரசீகம் என்றது, சிற்றோடையாம். மூன்றாவது எபிரேயத்துக்குப் போய்க் கடவுளின் பரிசு என்றது. இணையத்தில் கடவுளின் பரிசாக இல்லாத பெயரே கிடையாது. கள்ளக்குறிச்சி நூலகத்தில் அகராதிகளை விரித்து வைத்துக்கொண்டு ஒரு முழு மதியம் உட்கார்ந்தேன். வேர் இல்லை. இரண்டு பழைய பெயர்களில் ஒன்றின் தலையையும் மற்றதன் வாலையும் வெட்டி, வேலையற்ற எவனோ ஒட்டி வைத்திருக்கிறான். அவ்வளவுதான் பூர்வீகம். போன் போட்டுச் சொன்னேன்.

“இல்லன்னா இன்னா இப்போ? இருக்குதுன்னு சொல்லு. அந்த விடியக்கால வெளிச்சம் நல்லாக்குது. அதச் சொல்லு.”

“பொய் சொல்லச் சொல்றியாக்கா?”

“கவித எழுதறியே, அதெல்லாம் நெசமா?”

வைத்துவிட்டாள்.

அவள் மாமியார் கையில் வேறொரு பெயர் தயாராக இருந்தது. கல்வராயன் மலைமேல் அவர்களுடைய குலதெய்வம் இருக்கிறாள். வீட்டின் தலைப்பெண்ணுக்கு அவள் பெயர்தான். பங்காளி வீடுகளில் அந்தப் பெயரில் ஏழு பேர். மோட்டார் கொட்டாய்க்காரி, மேட்டுவூட்டுக்காரி, கடைக்காரி என்று அடையாளம் வைத்துத்தான் கூப்பிட வேண்டும். எட்டாவதாக இவள். பன்னிரண்டு வருடம் அந்த வீட்டில் ‘இன்னா விசேசம் ஒண்ணுமில்லியா’ என்ற கேள்வியைத் தின்று வாழ்ந்தவள் அக்கா. சமைக்கிற குழம்புகூட அவள் இஷ்டத்துக்கு இல்லை. பிள்ளையின் பெயராவது தன்னுடையதாக இருக்க வேண்டும் என்று நினைத்தாள்.

பெயர் வைக்கிற அன்று கச்சிராயபாளையத்தில் டவுன் பஸ்ஸை விட்டு இறங்கி அவர்கள் வீட்டுக்கு நடந்தேன். கரும்பு வெட்டு நேரம். காய்ந்த சோகை இலையைக் கொளுத்திய கரி காற்றில் வந்து என் வெள்ளைச் சட்டையில் உட்கார்ந்தது. கூடத்தில் பங்காளிகள் கூடியிருந்தார்கள். வெற்றிலையைச் சுருட்டிப் பிள்ளையின் காதில் வைத்து மூன்று முறை பெயர் சொல்ல வேண்டியவன் தாய்மாமன், நான். வெற்றிலை என் கையில் இருந்தது.

“இரு தம்பி,” என்றார் அக்காவின் மாமியார். “உங்க அக்கா ஒரு பேரு சொல்லிக்கினு திரியுது. மெடிக்கல்ல மாத்திர கேக்குற மாதிரி இருக்குது. அதுக்கு அர்த்தம் இன்னா? படிச்சவரு, நீங்க சொல்லுங்க. அர்த்தம் இருந்தா நான் எதுக்குக் குறுக்க வரேன்?”

அக்கா என்னைப் பார்த்தாள். அத்தான் பாயின் கோரையைக் கிள்ளிக்கொண்டிருந்தார்.

விடியல் என்று சொல்லியிருக்கலாம். நாக்குவரை வந்தது. சொல்லில் பொய் சொல்லாதவன் என்ற திமிர் அதைத் தள்ளிவிட்டு முன்னால் வந்தது.

“அர்த்தம் ஒண்ணும் இல்லீங்க,” என்றேன்.

“கேட்டுக்கினியாம்மா? கூடப் பொறந்தவனே சொல்லிட்டான்.” மாமியார் கூடத்தைச் சுற்றிப் பார்த்தார். “அர்த்தமில்லாத பேர வச்சிக்கினு புள்ள இன்னா பண்ணும்?”

அக்கா எழுந்தாள்.

அவள் எங்கள் வீட்டில் மூன்றாவது பெண். எங்கள் பக்கத்தில் அப்படிப் பிறந்தவளுக்கு, இனிமேல் பெண் போதும் என்று சாமிக்குப் புரிகிற மாதிரி ஒரு பெயர் வைப்பார்கள். வைத்தார்கள். அடுத்த வருடம் நான் பிறந்தேன்.

“எம் பேருக்கு அர்த்தம் இருக்குது அத்த,” என்றாள். குரல் ஏறவில்லை. “அட்டெண்டன்ஸ் எடுக்கும்போது டீச்சரே சிரிச்சிது. பொண்ணு பாக்க வந்த அன்னிக்கி எம் பேரக் கேட்டுட்டு நீங்க இன்னா சொன்னீங்க? ராசியான பேரு, அடுத்தது ஆம்பளப் புள்ளயான்னு கேட்டீங்க. அர்த்தம் பலிச்சிது. தோ நிக்கிறான், வெத்தல புடிச்சிக்கினு. எம் பொண்ணுக்கு அர்த்தமே வேணாம்.”

என் கையிலிருந்து வெற்றிலையைப் பிடுங்கினாள். நானே விட்டேனா என்று இன்றுவரை எனக்குத் தெளிவில்லை. குனிந்து பிள்ளையின் காதில் மூன்று முறை அவளே சொன்னாள். தாய்மாமன் உயிரோடு நிற்கும்போது பெற்றவள் பெயர் சொல்வது எங்கள் சாதிசனத்தில் அவனைச் செத்தவனாக்குவதற்குச் சமம். பின்னாலிருந்து ஒருவர், “மாமன்னு ஒருத்தன் எதுக்கு வந்தான்?” என்றார். யாரோ சிரித்தார்கள். இலை போட்டு அழைத்தார்கள். உட்காராமல் வெளியே வந்தேன். அதுவும் அவமரியாதைதான். தெரிந்தே செய்தேன்.

இங்கே நான் அவள் சொன்னதை ஒப்புக்கொண்டு தலை குனிந்தால் எழுத்துக்கு அழகாக இருக்கும். குனியவில்லை. பெண் போதும் என்று பெயர் வைத்தது நானா? பிறந்தது மட்டும்தான் நான் செய்தது. ஆனால் முப்பத்தெட்டு வருடமாக அந்தப் பெயரைச் சொல்லித்தான் அவளை எல்லோரும் கூப்பிட்டார்கள். அதன் அர்த்தம் என்ன என்று நான் ஒரு நாளும் அகராதி விரித்ததில்லை. அந்த நினைப்பு வரும்போது கோபம் இன்னும் கூடுகிறது, அவள்மேல்தான்.

ஒரு மாதம் கழித்து, அன்று வாய் திறக்காத அத்தான் பேரூராட்சி ஆபீசுக்குப் போய் அந்த மூன்றெழுத்தைப் பிறப்புச் சான்றிதழில் ஏற்றிவிட்டு வந்தார். தாய்க்கு எதிராக அவர் செய்த ஒரே காரியம். மாமியார் இன்றும் குலதெய்வத்தின் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுகிறார். பெண் திரும்புவதில்லை.

அவளுக்கு இப்போது ஒன்பது வயது. நான் போனால் பாப்பா என்று கூப்பிடுகிறேன். இடுப்பில் கை வைத்துக்கொண்டு முறைக்கிறாள்.

“நான் இன்னா பாப்பாவா? பேரு சொல்லிக் கூப்புடு மாமா.”

அடுப்படியில் கரண்டிச் சத்தம் நிற்கிறது. அக்கா காது கொடுக்கிறாள். நான் தண்ணீர் கேட்கிறேன்.